கார் மறந்துபோகும் இடம்

முழங்கால் ஆபரேஷனுக்குப் பிறகு நான் முதல்முறையாகக் கார் ஓட்டிய வெள்ளிக்கிழமையன்று கார் திக்கியது.

விருத்தாசலத்திலிருந்து ஸ்ரீமுஷ்ணத்துக்கு மனைவியை அழைத்துக்கொண்டு போய்க்கொண்டிருந்தேன். அவளுடைய அக்கா அங்கே இருக்கிறார். ஆறு மாதம் வரை வலது காலை அழுத்தி மிதிக்க வேண்டாம், மெல்ல வைத்து மெல்ல எடுங்கள் என்று டாக்டர் சொல்லியிருந்தார். எழுபத்தொரு வயதில்தான் நான் ஆக்சிலேட்டரை மெல்ல மிதிக்கக் கற்றுக்கொண்டேன். ஊரைத் தாண்டியதும் முன்னால் கரும்பு ஏற்றிய டிராக்டர் ஒன்று போயிற்று. அதன் பின்னாலேயே நிதானமாகப் போகலாம் என்று காலை லேசாக வைத்தேன். வண்டி ஒரு நொடி மூச்சடைத்ததுபோல் தளர்ந்தது, அடுத்த நொடி முன்னால் பாய்ந்தது. மறுபடியும் அப்படியே. மனைவி மடியிலிருந்த முறுக்கு டப்பாவை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

மூன்றாவது முறை திக்கியபோது ரோட்டைப் பார்த்தபடியே கேட்டாள்.

“மறந்துடுச்சா?”

“என்னா மறந்துடுச்சு?”

“ஒண்ணுமில்ல. டிராக்டருக்காரன் பிரேக் போடறான், பாருங்க.”

அவள் கேட்டது எனக்கு நன்றாகப் புரிந்தது. மூன்று வருடத்துக்கு முன்னால் இதே காரைப் பற்றி அவள் சொன்ன வார்த்தை அது. புரியாதவன்போல் நான் ஹாரன் அடித்தேன்.

அந்த மூன்று வருடக் கதையை இப்போது சொல்லிவிடுகிறேன். இதில் குற்றவாளி நான்தான்.

நான் முப்பத்திரண்டு வருடம் எங்கள் ஊர் பீங்கான் தொழிற்சாலை ஒன்றில் தரப் பரிசோதகனாக இருந்தேன். சூளையிலிருந்து வரும் இன்சுலேட்டர்களை ஒவ்வொன்றாக எடுத்து, மரச் சுத்தியால் தட்டி, காதில் விழும் ஓசையை வைத்துத் தரம் பிரிக்க வேண்டும். கணீரென்று ஒலித்தால் பாஸ். மந்தமாக ஒலித்தால் உள்ளே விரிசல் என்று பொருள். நீலப் பென்சிலால் பெருக்கல் குறி போட்டு, “ரிஜெக்ட்” என்று சொல்லி ஒதுக்குவேன். ஒரு நாளைக்கு எத்தனை முறை அந்த வார்த்தையைச் சொன்னேன் என்று எனக்கே தெரியாது. வீட்டுக்கும் அது என்னோடு வந்தது. எங்கள் ஊரில் பல வீடுகளைப்போல எங்கள் வீட்டிலும் இருப்பதெல்லாம் ஒதுக்கப்பட்ட சாமான்தான்: கைப்பிடி கோணிய கோப்பை, மூடி பொருந்தாத ஊறுகாய் ஜாடி. கொல்லையில் துணிக்கொடிக் கம்பியைத் தாங்குவதுகூட நான் குறி போட்ட இரண்டு இன்சுலேட்டர்கள்.

மனைவி ஒரு பெண்கள் பள்ளியில் தையல் டீச்சராக இருந்தாள். ஓய்வு பெற்ற மறு வருடம், அறுபத்தோரு வயதில், கார் கற்றுக்கொள்ளப் போகிறேன் என்றாள். நான் சிரித்தேன். அவள் யாரையும் கேட்காமல் டிரைவிங் ஸ்கூலில் சேர்ந்து, முதல் தேர்விலேயே லைசென்ஸ் வாங்கி வந்தாள். நான் இரண்டாவது தேர்வில் வாங்கியவன். அதற்குப் பிறகு இரண்டு வருடம் வெள்ளிதோறும் அக்காவைப் பார்க்க அவளே காரை எடுத்துக்கொண்டு போனாள். பலமுறை நானும் பக்கத்தில் உட்கார்ந்து போனேன். முப்பது கிலோமீட்டர் வேகத்துக்கு மேல் போகமாட்டாள். நாற்பது வருடம் தையல் மிஷின் மிதித்த கால் அவளுடையது. ஊசி ஒரு தையல் மட்டும் இறங்க வேண்டுமென்றால் ஒரு தையல் மட்டும் இறங்கும்படி மிதிக்கத் தெரிந்த கால்.

இரண்டாம் வருடக் கடைசியில் அவள் சொல்ல ஆரம்பித்தாள்.

“ஏங்க, காருல என்னமோ இருக்குது. கால லேசா வச்சா ஒரு எடத்துல மறந்துடுது.”

“காரு எப்பிடி மறக்கும்? ஒழுங்கா மிதி.”

“ஒழுங்காதான் மிதிக்கிறேன். ஒரு நூலு அளவு எடந்தான். அத தாண்டிட்டா சரியாப் போவுது. அந்த எடத்துல மட்டும் நான் மிதிக்கிறது அதுக்குத் தெரியமாட்டேங்குது.”

நான் காரை எடுத்துக்கொண்டு பெண்ணாடம் வரை போய் வந்தேன். எனக்குக் கார் திக்கவேயில்லை. என் பழக்கம், காலை வைத்தால் ஒரே அழுத்து. அவள் சொன்ன நூலளவு இடத்தை நான் ஒருபோதும் நின்று பார்த்ததில்லை. “கார் பாஸ். உன் காலுதான்” என்று சொல்லி, சாவியை ஆணியில் மாட்டினேன்.

பிறகு ஒரு வெள்ளிக்கிழமை, ஸ்ரீமுஷ்ணம் போகும் வழியில் உள்ள ரயில்வே கேட்டில் அது நடந்தது. அவள் ஓட்டினாள், நான் பக்கத்தில் இருந்தேன். கேட் மூடியிருந்தது. இரண்டு பக்கமும் வண்டிகள். சரக்கு ரயில் போய், கேட் திறந்து, முன்னாலிருந்த கரும்பு டிராக்டர் ஆமை வேகத்தில் நகர்ந்தது. அவள் அதற்கேற்ப மெல்ல மிதித்தாள். கார் திக்கி நின்றது. மறுபடி கிளப்பினாள். தண்டவாளத்துக்கு முன்னால் மறுபடி நின்றது. பின்னால் பஸ்காரர் கையை எடுக்காமல் ஹாரன் அடித்தார். மோட்டார் சைக்கிளில் வந்தவர்கள் குனிந்து உள்ளே பார்த்தார்கள். கேட் ஓரத்தில் அவித்த வேர்க்கடலை, எங்கள் பக்கத்தில் மல்லாட்டை, விற்கும் பெண் கூடையோடு எழுந்து நின்று பார்த்தார்.

நான் கதவைத் திறந்து இறங்கி, சுற்றிக்கொண்டு அவள் பக்கம் போனேன்.

“எறங்கு. ஒன் காலு ரிஜெக்ட்டு.”

அத்தனை பேர் காதிலும் விழும்படிச் சொன்னேன். ஒருவர் சிரித்தார். அவள் இறங்கினாள். புடவையைச் சரிசெய்துகொண்டு, காருக்கு முன்பக்கமாக நடந்து வந்து, என் இடத்தில் உட்கார்ந்தாள். நான் ஒரே அழுத்தில் தண்டவாளத்தைத் தாண்டினேன். கார் திக்கவில்லை. அதில் எனக்கு ஒரு பெருமைகூட இருந்தது என்பதையும் எழுதத்தான் வேண்டும்.

அதற்குப் பிறகு அவள் கார் சாவியைத் தொடவில்லை. வெள்ளிக்கிழமைகளில் டவுன் பஸ்ஸில் போய் வந்தாள். முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளவில்லை, சண்டை போடவில்லை. அந்த வார்த்தையை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டாள். தோசை கருகினால், “இது ரிஜெக்ட்டு, எனக்குப் போட்டுக்கறேன்” என்பாள். ரவிக்கையில் கைத்தையல் கோணினால், “ரிஜெக்ட்டு” என்று சிரித்துக்கொண்டே பிரிப்பாள். நானும் சிரிப்பேன். அவள் அதை மறந்துவிட்டு விளையாடுகிறாள் என்றே நம்பினேன். அப்படி நம்புவது எனக்கு வசதியாக இருந்தது.

இப்போது என் காலுக்கும் கார் திக்கியதும், முதல் இரண்டு நாள் என் முழங்காலைத்தான் சந்தேகப்பட்டேன். டாக்டர் வைத்த புது மூட்டைப் பற்றி நானே உள்ளுக்குள் ரிஜெக்ட் சொல்லிப் பார்த்தேன். பிறகு பீங்கான்காரனுக்குத் தோன்றுவதுதான் எனக்கும் தோன்றியது. ஸ்பார்க் பிளக்கில் வெள்ளையாக இருப்பது பீங்கான். அதில் மயிரிழை விரிசல் விழுந்தால் மின்சாரம் வழி தவறி ஓடும், இன்ஜின் திக்கும். எனக்குத் தெரிந்த பொருளில்தான் கோளாறு இருக்கும் என்று நான் முடிவு கட்டினேன்.

நான்கு பிளக்கையும் கழற்றி, மண்ணெண்ணெயில் கழுவி, துடைத்து, ஊறுகாய் ஜாடியில் சிவப்பு மை ஊற்றி ஊறவைத்தேன். தொழிற்சாலையில் விரிசல் பார்க்கும் முறை அது. மையைத் துடைத்தபின் விரிசல் இருக்கும் இடத்தில் மட்டும் சிவப்புக் கோடு நிற்கும். ஒரு பகல் கழித்து எடுத்துப் பூதக்கண்ணாடியால் பார்த்தேன். நான்கிலும் கோடு இல்லை. என் விரல்கள்தான் சிவந்திருந்தன.

மனைவி எட்டிப் பார்த்தாள். “என்னாங்க, பிளக்குக்கு மருதாணி வச்சிருக்கீங்க? கல்யாணமா?”

“செக் பண்றேன்.”

“நல்லா செவந்திருக்குது, உங்க கையி. என் ஜாடிய மட்டும் கழுவி வச்சுடுங்க.”

காரை மெக்கானிக்கிடம் கொண்டுபோனேன். பெண்ணாடம் ரோட்டில் ஷெட் வைத்திருக்கிறார், ஐம்பது வயதுக்காரர். கண்ணாடியில் ஜெபமாலை தொங்கும் அவருடைய பழைய வேனை ஊரில் எல்லோருக்கும் தெரியும். என் கார் இருபது வருடம் பழையது என்பதால் அவருக்கு அதன்மேல் ஒரு மரியாதை உண்டு. காற்று உள்ளே போகும் த்ராட்டில் குழாயைக் கழற்றிக் கரியைச் சுத்தம் செய்தார். ஓட்டிப் பார்த்தோம், என் லேசான காலுக்குத் திக்கியது. ஸ்கேனர் மாட்டினார். அதில் ஒரு கோளாறும் காட்டவில்லை.

“டி.பி.எஸ். சென்சாரா இருக்கலாம் சார்” என்றார். “நீங்க எவ்ளோ மிதிக்கிறீங்கன்னு கம்ப்யூட்டருக்குச் சொல்றது அதான். த்ராட்டில் எவ்ளோ தெறந்திருக்குதோ அவ்ளோ வோல்ட்டு. அது தப்பா சொன்னா, கம்ப்யூட்டரு பெட்ரோல தப்பா வுடும்.”

இன்ஜினை அணைத்து, சாவியை மட்டும் போட்டுவிட்டு, சென்சாருக்குப் போகும் மூன்று ஒயர்களில் ஒன்றின் பின்னால் குண்டூசி குத்தி, தன் டிஜிட்டல் மீட்டரை வைத்துப் பார்த்தார். த்ராட்டில் மூடியிருக்கும்போது அரை வோல்ட். முழுக்கத் திறந்தால் நாலரை. இரண்டும் சரி. தலையைச் சொறிந்தார்.

“யாரு ஓட்டறப்ப சார் திக்குது?”

“நான்தான். ஆபரேஷனுக்கு அப்பறம்.”

“முன்னாடி? வேற யாருக்காச்சும்?”

“இல்ல” என்றேன்.

ஒரு நொடியும் யோசிக்காமல் சொன்ன பொய். அவர் என்னைக் கொஞ்சம் கூடுதலாகப் பார்த்ததுபோல் இருந்தது. பிறகு மீட்டரைக் காட்டினார்.

“இந்த நம்பர் மீட்டர்ல வேகமா வந்துட்டுப் போறது தெரியாது சார். முள்ளு மீட்டரு இருந்தா புடிச்சிடலாம். இப்ப யாருகிட்ட இருக்குது?”

என்னிடம் இருந்தது. வீட்டுக்குப் போய்த் தேடினேன். வைத்த இடம் எனக்கு மறந்திருந்தது. மனைவி தையல் மிஷின் இழுப்பறையைத் திறந்து, நூல்கண்டுகளுக்கு அடியிலிருந்து எடுத்துக் கொடுத்தாள். தூசி இல்லாமல், பேட்டரி தனியாகக் கழற்றி, துணியில் சுற்றி வைத்திருந்தாள்.

“எதுக்கு இது?”

“ஷெட்டுல கேட்டாங்க.”

“ம்.” அவ்வளவுதான் கேட்டாள்.

மெக்கானிக் முள் மீட்டரை மாட்டி வண்டியின் மேல் வைத்தார். நீங்களே திறந்து பாருங்கள் என்று த்ராட்டிலை எனக்குக் காட்டினார். நான் என் வழக்கப்படி திறந்தேன். முள் விருட்டென்று மேலே போனது. மூடினேன், இறங்கியது. மறுபடி, மறுபடி. ஒரு குறையும் தெரியவில்லை.

“என்னா சார், பால் பொங்கி வழியற மாதிரி தெறக்கறீங்க? மெதுவா. இன்னும் மெதுவா. முள்ளு நகர்றது கண்ணுக்குத் தெரியக்கூடாது.”

மூச்சைப் பிடித்துக்கொண்டு, விரல் நுனியால் மயிரளவு மயிரளவாகத் திறந்தேன். முள் ஊர்ந்து எழுந்தது. அரை வோல்ட்டைக் கொஞ்சம் தாண்டிய இடத்தில், தடுக்கி விழுந்ததுபோல் பூஜ்யத்துக்குச் சரிந்தது. இன்னும் ஒரு மயிரளவு திறந்தேன். பழைய இடத்துக்குத் தாவி ஏறி, எதுவும் நடக்காததுபோல் மேலே போனது.

“அங்க பாருங்க சார்! அந்த எடத்துல மறந்துடுது.”

அவரும் அதே வார்த்தையைச் சொன்னார். என் கை த்ராட்டிலிலிருந்து தானாக விலகியது.

“எத்தன நாளா இருக்கும்?” என்று கேட்டேன்.

“நாளா? இது தேய்மானம் சார். வருஷக்கணக்குல தேஞ்சிருக்கும். நீங்க அழுத்தி ஓட்றவரு, அந்த எடத்த ஒரே தாண்டா தாண்டிடுவீங்க. மெதுவா ஓட்றவங்களுக்கு மொதல்லயே தெரிஞ்சிருக்கும்.”

சென்சார் திருச்சியிலிருந்து வர வேண்டும், பார்சல் வர மூன்று நாள் ஆகும் என்றார். நான் திக்கித் திக்கி வீட்டுக்கு வந்தேன். வழியெல்லாம் வேண்டுமென்றே காலை லேசாக வைத்துக்கொண்டு வந்தேன்.

எங்கள் தரப் பிரிவில் ஒரு வழக்கம் இருந்தது. நான் பெருக்கல் குறி போட்ட உருப்படியை உடனே உடைத்துவிட மாட்டார்கள். அதை வேறொரு மேசைக்குக் கொண்டுபோய், வேறொருவர் இன்னொரு முறை தட்டிப் பார்ப்பார். அதற்கு ரெண்டாந்தட்டு என்று பெயர். ஈரம் காயாமல் இருந்தாலோ, சாக்கின்மேல் உட்கார்ந்திருந்தாலோ நல்ல பீங்கானும் மந்தமாக ஒலிக்கும். குறை சில சமயம் பீங்கானில் இருக்காது, அது உட்கார்ந்திருக்கும் இடத்தில் இருக்கும். புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு இதை எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன். மண்ணில் செய்த பொருள் ஒவ்வொன்றுக்கும் அந்த இரண்டாவது தட்டு கிடைத்தது. என் மனைவிக்கு நான் அதைக் கொடுக்கவில்லை.

அந்த மூன்று நாளும் நான் அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. சர்வீஸ் பண்ணினேன், சரியாகிவிட்டது என்று மட்டும் சொல்லிவிட்டால் போதும் என்று ஒரு எண்ணம் வந்தது. அவள் மேற்கொண்டு கேட்கமாட்டாள். பழையபடி இருவரும் சிரித்துக்கொண்டு இருக்கலாம். எனக்கு நாற்பது வருடமாகப் பழகிய வழி அதுதான். காலையில் அவள் கைப்பிடி கோணிய கோப்பையில் டீ கொண்டுவந்து வைக்கும்போதெல்லாம் சொல்ல வாயெடுத்தேன். டீயை மட்டும் குடித்தேன்.

வெள்ளிக்கிழமை அவள் பஸ்ஸில் ஸ்ரீமுஷ்ணம் போனாள். “போயிட்டு வரேன்” என்று சொல்லிவிட்டு, முறுக்கு டப்பாவோடு தெருமுனை வரை நடந்தாள். இடது முழங்காலைக் கொஞ்சம் சாய்த்து நடப்பதைப் பார்த்தேன். எனக்கு வந்தது அவளுக்கும் வந்துகொண்டிருந்தது. பஸ் படி உயரம். மூன்று வருடம் வெள்ளிதோறும் அந்தப் படியில் ஏறி இறங்கியிருக்கிறாள். எனக்கு அது அன்றைக்குத்தான் கணக்கில் வந்தது.

சனிக்கிழமை சென்சார் வந்தது. பழையதைக் கழற்ற இரண்டே திருகுகள். ஒன்று உடனே வந்தது. இன்னொன்றின் தலை தேய்ந்து, திருப்புளி சுற்றிச் சுற்றி வந்தது. மெக்கானிக் உடைந்த ரம்பத் துண்டால் அதன் தலையில் புதிதாக ஒரு பள்ளம் அறுத்து, தட்டைத் திருப்புளியை வைத்து, மெல்லத் தட்டித் திருப்பினார். நான் டார்ச் பிடித்துக்கொண்டிருந்தேன். திருகு கிறீச்சிட்டு இளகிய நேரத்தில் நானாகவே சொன்னேன்.

“அன்னிக்கு நீங்க கேட்டப்ப இல்லன்னு சொன்னேன். பொய்யி. வூட்ல ஓட்டறப்ப மூணு வருஷத்துக்கு முன்னாடியே திக்குச்சு. நான்தான் அவங்க கால கொற சொல்லி நிறுத்திட்டேன்.”

அவர் நிமிரவில்லை. “தெரியும் சார். அம்மா ஓட்டறப்ப ரோட்டுல ரெண்டு தடவ பாத்திருக்கேன். நீங்க இல்லன்னு சொன்னீங்க, சரி நமக்கெதுக்குன்னு வுட்டுட்டேன்.” திருகை என் உள்ளங்கையில் போட்டார். “எங்கிட்ட எதுக்கு சார் சொல்றீங்க? நான் என்னா சாமியாரா, பாவசங்கீர்த்தனம் கேக்க? வூட்ல போயி சொல்லுங்க. லைட்ட இப்பிடி காட்டுங்க.”

புதியதைப் பொருத்தி, முள் மீட்டரைப் பார்த்துக்கொண்டே இப்படியும் அப்படியும் கொஞ்சம் திருப்பி, மூடிய நிலையில் அரை வோல்ட் வரும்படி வைத்து முறுக்கினார். பேட்டரி ஒயரைக் கழற்றிப் பத்து நிமிடம் விட்டார்.

“எதுக்கு?”

“கம்ப்யூட்டரு பழைய கணக்க வுட்டுட்டு புதுசா கத்துக்கட்டும் சார்.”

அந்தப் பத்து நிமிடத்தில் நான் பழைய சென்சாரின் மூடியைக் கத்தியால் நெம்பித் திறந்தேன். உள்ளே நகம் அளவு வெள்ளைத் தட்டு. கையில் தொட்டதுமே தெரிந்துவிட்டது, அது பீங்கான். அதன்மேல் பிறைபோல் கறுப்புப் பூச்சு. அந்தப் பூச்சின்மேல் மெல்லிய செப்பு விரல் ஒன்று நகர வேண்டும். பிறையின் ஆரம்பத்தில், ஒரு நூலளவு இடத்தில், கறுப்பு தேய்ந்து வெள்ளை தெரிந்தது. என் பீங்கானுக்கு ஒரு பழுதும் இல்லை. மேலே பூசியதுதான் போயிருந்தது.

முள் மீட்டரில் கடைசியாக ஒருமுறை மெல்லத் திறந்து பார்த்தோம். முள் ஒரு தடங்கலும் இல்லாமல் எழுந்து மேலே போனது. மெக்கானிக் அதைப் பார்த்துத் தானாகவே சிரித்தார்.

வீட்டில் மனைவி பக்கத்து வீட்டுக் குழந்தைக்குப் பாவாடை தைத்துக்கொண்டிருந்தாள். திறந்த சென்சாரை மிஷின் பலகைமேல் வைத்தேன்.

“என்னாது இது?”

“நீ சொன்ன எடம். கண்ணாடி போட்டுப் பாரு. அந்த நூலு அளவு எடம் தேஞ்சு போயிருக்குது. அங்கதான் காரு மறந்துட்டிருந்துச்சு. ஒன் காலு இல்ல.”

அவள் கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கி, வெளிச்சத்தில் பிடித்து, வெகுநேரம் பார்த்தாள். நான் மீதியையும் சொன்னேன். மெக்கானிக்கிடம் பொய் சொன்னது, மூன்று நாள் மறைத்தது, மறைத்தே விட்டுவிடலாம் என்று நினைத்தது, எல்லாவற்றையும் சொன்னேன்.

“எனக்குத் தெரியும்” என்றாள்.

“என்னா தெரியும்?”

“காருதான்னு தெரியும். என் காலு எனக்குத் தெரியாதா?”

“அப்ப ஏன் ஓட்டாம இருந்த?”

சென்சாரைக் கீழே வைத்தாள். “காரு திக்குதுன்னா நிறுத்தினேன்? திக்குனாலும் ஓட்டிட்டுதானே இருந்தேன். நீங்க அந்த கேட்டுல, அத்தன பேரு முன்னாடி சொன்னீங்க பாருங்க. அதுக்கு நிறுத்தினேன்.”

மூன்று நாளாக நான் சென்சாரை மாற்றினால் எல்லாம் சரியாகிவிடும் என்று எண்ணிக்கொண்டிருந்தேன்.

“தப்புதான்” என்றேன். “பெரிய தப்பு.”

“இங்க சொன்னா யாருக்குக் கேக்கும்? மிஷினுக்குக் கேக்கும்.” பாவாடையை மறுபடி ஊசிக்கடியில் நகர்த்தினாள். “சொன்ன எடத்துல போயி சொல்லுங்க.”

விளையாட்டாகச் சொன்னாளா, நிஜமாகச் சொன்னாளா என்று முகத்தைப் பார்த்தேன். இரண்டும் இருந்தது.

அடுத்த வெள்ளிக்கிழமை நான் காரை ஓட்டினேன். கேட் மூடியிருக்க வேண்டுமே என்று கவலைப்பட்டவன் அந்தச் சாலையில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன். மூடியிருந்தது. ஓரமாக, மற்ற வண்டிகளுக்கு வழிவிட்டு நிறுத்தி, இறங்கினேன். அவளும் இறங்கினாள். மல்லாட்டை விற்கும் பெண் அதே இடத்தில் இருந்தார். கூடையைத் தூக்கிக்கொண்டு வந்தவர் என்னைப் பார்த்து நின்றார்.

“பெரியவரே, நீங்க அன்னிக்கு அம்மாவ இங்க எறக்கி வுட்டவருதானே?”

மூன்று வருடம் கழித்தும் அவருக்கு ஞாபகம் இருந்தது. பக்கத்தில் மோட்டார் சைக்கிளில் காத்திருந்த நான்கைந்து பேர் திரும்பினார்கள்.

“ஆமாங்க, நான்தான்” என்றேன். குரலைத் தாழ்த்தாமல் சொன்னேன். “அன்னிக்கு இவங்க கால ரிஜெக்ட்டுன்னு சொன்னேன். தப்பு என்னுது. இவங்க நல்லாத்தான் ஓட்டுனாங்க. காருல ஒரு சென்சாரு தேஞ்சு போயிருந்துச்சு.”

அந்தப் பெண் என்னையும் என் மனைவியையும் மாறி மாறிப் பார்த்தார்.

“அட, அதான் அம்மா அப்பவே சொல்லிட்டாங்களே! வாராவாரம் பஸ்ஸு இங்க நிக்கறப்ப ஜன்னல்ல கேப்பேன், என்னாம்மா காரு வரலியான்னு. காரு ரிப்பேரு, அவருக்கு இன்னும் புடிபடலன்னு சொல்லுவாங்க. மூணு வருஷமா அதையா கண்டுபுடிச்சிட்டிருந்தீங்க?”

மோட்டார் சைக்கிள்காரர்கள் சிரித்தார்கள். மனைவி முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். தோள் குலுங்கியது. அன்றைக்குச் சிரித்தவரின் சிரிப்புக்கும் இதற்கும் நடுவில் மூன்று வருடம் இருந்தது. எனக்கும் சிரிப்பு வந்தது. கண்ணும் கொஞ்சம் கலங்கியது, அதை மறைத்துப் பயனில்லை.

நான் சாவியை நீட்டினேன். “லைசென்ஸு முடிஞ்சிருக்குமே” என்று அப்போதுதான் நினைவு வந்து கேட்டேன்.

“போன வருஷமே புதுப்பிச்சாச்சு. ஒரு நா செவ்வாக்கெழமையில ஸ்ரீமுஷ்ணம் போறேன்னு சொல்லிட்டுப் போனேனே. அன்னிக்கு.”

“எங்கிட்ட சொல்லல?”

“நீங்க கேக்கல.”

மல்லாட்டைக்காரர் ஒரு காகிதக் கூம்பு நிறைய அள்ளி என் கையில் திணித்தார். ரயில் போயிற்று. கேட் திறந்தது. நல்லவேளையாகவோ என்னவோ, முன்னால் ஒரு கரும்பு டிராக்டர் இருந்தது. அது தன் வேகத்தில் ஊர்ந்தது. மனைவி செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, வெறுங்காலை ஆக்சிலேட்டரில் வைத்தாள். என் வலது கால் தானாகத் தரையை அழுத்தியது. அதை நானே பார்த்து எடுத்துக்கொண்டேன்.

கார் தண்டவாளத்தின்மேல் தையல் தையலாக ஏறி இறங்கியது. அந்தப் பக்கம் வந்ததும் டிராக்டரை முந்தவில்லை. ஒரே வேகத்தில், மிகமிக லேசான மிதியில், காரை அப்படியே பிடித்து வைத்திருந்தாள். முள் மீட்டர் இருந்திருந்தால் முள் எங்கே நிற்கும் என்று எனக்குத் தெரியும்.

“இந்த எடந்தான்” என்றாள்.

நான் மல்லாட்டையை உரித்து, பருப்பை அவள் பக்கம் நீட்டினேன். கார் ஒன்றும் செய்யவில்லை. போய்க்கொண்டே இருந்தது.